நாம் எழுதாத மனுக்கள்

தில்லித் தமிழர்களுக்கு மனு எழுதத் தெரியும். இதைப் பெருமையாகவே சொல்லிக்கொண்டு வந்திருக்கிறோம். சுருக்கெழுத்தும் தட்டச்சும் கற்றுக்கொண்டு ஜி.டி. எக்ஸ்பிரஸில் வந்து இறங்கி, நார்த் பிளாக்கிலும் சௌத் பிளாக்கிலும் உட்கார்ந்து, நோட்டிங், டிராஃப்டிங் என்றே வாழ்நாளைக் கழித்தவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் நாம். சி.ஜி.எச்.எஸ். மருந்தகத்தில் ஒரு மாத்திரை குறைந்தால் மூன்று பக்க விண்ணப்பம் போகும். தண்ணீர் மீட்டர் கணக்கு தப்பாக வந்தால் ஜல் போர்டுக்கு நினைவூட்டல், அந்த நினைவூட்டலுக்கு ஒரு நினைவூட்டல். அப்படிப்பட்ட நாம் ஒரே ஒரு மனுவை மட்டும் எழுதியதில்லை. யாரோ ஒரு பெண்ணின் அந்தரங்கம், யாரோ ஒரு மனிதரின் அவமானம், அவர்கள் சம்மதமில்லாமல் காணொளியாக நம் கைப்பேசிக்கு வந்து சேர்ந்தபோது, 'இதை எடுத்துவிடுங்கள்' என்று நான்கு வரி எழுதியதில்லை.

பார்த்தோம். சிலர் சிரித்தோம். சிலர் 'ஐயோ பாவம்' என்று ஒரு கும்பிடு பொம்மையோடு அடுத்த குரூப்புக்குத் தட்டிவிட்டோம். பெண் பிள்ளைகள் உள்ள வீடுகளில் அதை வைத்தே ஒரு பிரசங்கமும் நடத்தினோம். இருபது வருஷத்துக்கு மேலாக இந்த ஊரில் நடந்துவரும் இந்தக் கூத்தில் நாம் எந்தப் பக்கம் நின்றோம் என்று ஒருமுறையாவது கணக்குப் பார்த்தாக வேண்டும்.

முதல் கணக்கு 2004. மலை மந்திருக்கும் தமிழ்ச் சங்கத்துக்கும் நாம் போய்வருகிற அதே ஆர்.கே.புரத்தில் உள்ள ஒரு பெரிய பள்ளி. பதினோராம் வகுப்பு மாணவன் ஒருவன், அப்போதுதான் பரவலாகிக்கொண்டிருந்த கேமரா செல்பேசியில், சக மாணவியுடனான அந்தரங்கத்தைப் படம் பிடித்தான். அது எம்எம்எஸ்ஸாகக் கைமாறிக் கைமாறிப் போனது. நவம்பர் 27ஆம் தேதி இரவு பாஸி.காம் என்ற விற்பனைத் தளத்தில் 125 ரூபாய் விலையில் ஏறியது. ஏற்றியவர் கரக்பூர் ஐஐடி மாணவர். அன்றிரவே ஒரு பயனர் தளத்துக்கு எழுதிப்போட்டார்: இப்படி ஒன்று உங்கள் பட்டியலில் இருக்கிறது, பாருங்கள் என்று. அதற்குப் பிறகும் 29ஆம் தேதி காலைவரை அது அங்கேயே கிடந்தது. எட்டுப் பேர் காசு கொடுத்து வாங்கியிருந்தார்கள்.

தில்லி உயர் நீதிமன்றத்தின் 2008 தீர்ப்பில் இந்த விவரங்கள் பதிவாகியிருக்கின்றன. தளத்தின் தலைமை நிர்வாகி அவ்னீஷ் பஜாஜ் கைதானதையும், பிறர் ஏற்றிய சரக்குக்குத் தளம் பொறுப்பா இல்லையா என்ற கேள்வியையும் சட்டக் கல்லூரிகளில் இன்றும் பாடமாக நடத்துகிறார்கள். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2008இல் திருத்தப்பட்டதற்கு அந்த வழக்கு கிளப்பிய சர்ச்சையும் ஒரு காரணம். எழுதிப்போட்ட அந்தப் பயனரைப் பற்றித்தான் யாரும் பேசுவதில்லை. நம் கணக்குக்கு அவர்தான் முக்கியம். வாங்கியவர் எட்டு, புகார் செய்தவர் ஒன்று. அந்த விகிதத்தைக்கூட நாம் அதற்குப் பிறகு எட்டியதில்லை.

பாலிகா பஜாரில் அது சி.டி.யாகவே விற்பனைக்கு வந்தது. அலுவலகங்களில் மதியச் சாப்பாட்டு நேரத்துப் பேச்சாகவும் ஆனது. அந்தப் பையனைப் பற்றிய பேச்சு குறைவு. அந்தப் பெண்ணின் வளர்ப்பைப் பற்றிய பேச்சே அதிகம். அவள் அன்று பள்ளிச் சிறுமி. போக்சோ சட்டம் வர இன்னும் எட்டு வருஷம் இருந்தது. இன்றைக்கு அப்படி ஒரு படம் செல்பேசியில் இருந்தாலே ஆபத்து. சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜனவரியில், சிறார் ஆபாசப் படத்தைத் தனியாகப் பார்ப்பது குற்றமாகாது என்று ஓர் இளைஞர் மீதான வழக்கை ரத்து செய்தது. அதே ஆண்டு செப்டம்பர் 23இல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைச் செல்லாததாக்கியது. அழிக்காமலும் புகார் செய்யாமலும் வைத்திருந்தால், பரப்பும் எண்ணத்தோடு வைத்திருந்ததாகவே கொள்ள இடமுண்டு என்றது. சும்மா இருந்ததும் குற்றக்கணக்கில் சேரும் என்று சட்டமே சொல்லியாகிவிட்டது. 2004இல் அந்த அளவுகோல் இருந்திருந்தால், மதியச் சாப்பாட்டு மேசைகளில் எத்தனை பேர் மிஞ்சியிருப்போம்?

இரண்டாவது கணக்கு இன்னும் கசப்பானது. அதில் நிர்வாணம் எதுவும் இல்லை, அதனால் நமக்கு உறுத்தவும் இல்லை. 2015 ஆகஸ்டில் தில்லி மெட்ரோவுக்குள் எடுத்த ஒரு காணொளி. சீருடையில் ஒரு தலைமைக் காவலர் நிற்க முடியாமல் தள்ளாடுகிறார், சரிந்து விழுகிறார். 'குடிகார போலீஸ்' என்ற தலைப்போடு அது நாடு முழுக்க ஓடியது. தொலைக்காட்சிகள் போட்டன. துறை அவரை இடைநீக்கம் செய்தது. பிறகுதான் தெரிந்தது, அவர் குடிக்கவில்லை. முன்பே பக்கவாதம் வந்து பேச்சும் நடையும் பாதிக்கப்பட்டவர். வேலை முடிந்து வீட்டுக்குப் போகிற வழியில் உடம்புக்கு முடியாமல் போயிருக்கிறது. விசாரணைக்குப் பின் இடைநீக்கம் ரத்தானது. இழந்த பெயரை மீட்க அந்த மனிதர் உச்ச நீதிமன்றம்வரை போக வேண்டியிருந்தது.

அவர் கேரளத்துக்காரர். நம்மைப் போலவே ரயிலேறி வந்து தில்லியில் பிழைத்தவர், நம்மையும் அவரையும் ஒரே வாயால் 'மதறாஸி' என்று கூப்பிடுகிற ஊரில். அந்தப் பாசம்கூட நமக்கு அன்று வரவில்லை. 'இவருக்கு உடம்பு சரியில்லையோ' என்று ஒருவர் கேட்டிருந்தால் போதும். நம் வீட்டுப் பெரியவர்களுக்கு வாய் கோணி, கால் இழுத்துக்கொண்டதைப் பார்க்காதவர்களா நாம்? பார்த்த மாத்திரத்தில் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் தலைப்பில் குடிகாரன் என்று போட்டிருந்தது, அதைத்தான் பார்த்தோம். அவர் குற்றமற்றவர் என்ற செய்தி வந்தபோது அதை எந்தக் குரூப்பில் யார் போட்டோம்? வேலையைத் துறை திருப்பிக் கொடுத்துவிட்டது. நம் கைப்பேசிகளுக்குள் போன படத்தை எந்தத் துறை போய் எடுக்கும்?

இரண்டு வருஷம் கழித்து, 2017இல், புதிதாகத் தொடங்கிய கொச்சி மெட்ரோவில் இதே கதை அச்சு மாறாமல் நடந்தது. இருக்கையில் சுருண்டு தூங்கிய ஒருவரைக் குடிகாரர் என்று படமெடுத்துப் பரப்பினார்கள். அவர் வாய் பேச இயலாதவர். மருத்துவமனையில் உயிருக்குப் போராடிக்கொண்டிருந்த சகோதரனைப் பார்த்துவிட்டு அலுத்துத் திரும்பிக்கொண்டிருந்தவர். மலையாளிகள் அதை 2019இல் 'விக்ருதி' என்று படமாகவே எடுத்து, பரப்பியவனின் கண்ணோடும் பரப்பப்பட்டவரின் கண்ணோடும் தங்களையே பார்த்துக்கொண்டார்கள். நாமும் அந்தப் படத்தை ஓடிடியில் பார்த்துக் கண்கலங்கினோம். தில்லியில் நடந்தது ஞாபகத்துக்கு வரவில்லை.

எடுக்க வழியே இல்லாத காலம் என்று சாக்குச் சொல்ல முடியாது. வழிகள் ஒவ்வொன்றாக வந்துகொண்டேதான் இருந்தன. பெரும்பாலும் நம் வீட்டுக்குப் பக்கத்திலேயே உருவாயின. மின்னணு மற்றும் தகவல் தொழில்நுட்ப அமைச்சகம் இருப்பது லோதி ரோடு சி.ஜி.ஓ. காம்ப்ளெக்ஸில், எலக்ட்ரானிக்ஸ் நிகேதனில். நம்மவர்கள் எத்தனையோ பேர் அங்கே கோப்பு எழுதி ஓய்வு பெற்றிருக்கிறார்கள். அங்கிருந்து 2021 பிப்ரவரி 25இல் வந்த விதிகளின்படி, ஒருவரின் அந்தரங்க உறுப்புகளையோ நிர்வாணத்தையோ பாலுறவையோ காட்டும் படம், ஒட்டுவேலை செய்த போலிப் படம் உட்பட, புகார் வந்த 24 மணி நேரத்துக்குள் நீக்கப்பட வேண்டும். 2026 பிப்ரவரி திருத்தம் அதை 2 மணி நேரமாகச் சுருக்கியிருக்கிறது. தளத்தின் குறைதீர் அலுவலர் கைவிரித்தால் மேல்முறையீட்டுக் குழு இருக்கிறது. 2023இல் மூன்று குழுக்கள் அமைத்தார்கள். எல்லாம் இணைய வழியிலேயே, வக்கீல் தேவையில்லை.

அந்த விதியில் ஒரு சிறு தொடர் இருக்கிறது. புகாரைப் பாதிக்கப்பட்டவர் கொடுக்கலாம், 'அவர் சார்பில் வேறு எவரும்' கொடுக்கலாம். மத்திய அரசின் சைபர் குற்றப் புகார் தளத்தில், பெண்கள், குழந்தைகள் தொடர்பான ஆபாசப் பதிவுகளைப் பெயரே சொல்லாமல் தெரிவிக்கும் வசதியும் இருக்கிறது. யாருக்காக இதெல்லாம் எழுதிவைத்தார்கள்? பாதிக்கப்பட்டவர் இடிந்துபோய்க் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கும்போது, அவருக்காக நான்கு வரி எழுதக்கூடிய அண்ணன், அத்தை, பக்கத்து ஃபிளாட் மாமா இவர்களுக்காகத்தான். டிராஃப்ட் போடத் தெரிந்த ஜாதி என்று மார்தட்டிக்கொள்ளும் நமக்காகத்தான். நாமோ அந்தப் பெண்ணின் வீட்டுக்கு அனுதாபம் சொல்லப் போய், 'முதல்ல அவளோட அக்கவுன்ட்டை மூடச் சொல்லுங்க மாமி' என்று யோசனை சொல்லிவிட்டு வந்தோம். படத்தை ஏற்றியவனின் கணக்கு நடந்துகொண்டிருந்தது.

நாம் செய்யாததை நீதிமன்றங்கள் செய்ய வேண்டியதாயிற்று. ஒரு பெண் ஃபேஸ்புக்கிலும் இன்ஸ்டாகிராமிலும் போட்டிருந்த சாதாரணப் படங்களை எவனோ எடுத்து ஆபாசத் தளத்தில் ஏற்றினான். எடுக்கச் சொல்லி உத்தரவான பிறகும் அவை வேறு தளங்களில் முளைத்தன. 2021 ஏப்ரல் 20இல் தில்லி உயர் நீதிமன்ற நீதிபதி அனூப் ஜெய்ராம் பம்பானி அந்த வழக்கில், தளங்களும் தேடுபொறிகளும் காவல் துறையும் என்னென்ன செய்ய வேண்டும் என்று நீண்ட நெறிமுறை வகுத்தார். படம் ஆபாசமாக இல்லாவிட்டாலும், சம்மதமில்லாமல் அதை ஆபாசத் தளத்தில் வைப்பதே குற்றம் என்றார். இரண்டு வருஷம் கழித்து, 2023 ஏப்ரல் 26இல், நீதிபதி சுப்ரமணியம் பிரசாத் இன்னொரு பெண்ணின் வழக்கில் ஒரு படி மேலே போனார். நீக்கப்பட்ட அதே படம் திரும்பத் திரும்ப வரும்போது, ஒவ்வொரு முறையும் அந்தப் பெண்ணே தேடிப் பார்த்து முகவரி கொடு, மறுபடி நீதிமன்றத்துக்கு வா என்று சொல்லக்கூடாது என்றார். தேடுபொறிகள் தாமாகவே கண்டுபிடித்து அகற்ற வேண்டும் என்பது அவர் கட்டளை. கூகுளும் மைக்ரோசாஃப்டும் அது தங்கள் நுட்பத்தால் ஆகாது என்று மேல்முறையீட்டுக்குப் போயின.

அதே 2023 ஏப்ரலில், 20ஆம் தேதி, பிரபல நடிகர் தம்பதியின் பதினோரு வயது மகள் ஆராத்யா பச்சனுக்கு உடம்பு மோசம், இறந்தே போனாள் என்றெல்லாம் கதைகட்டிய யூடியூப் காணொளிகளை உடனே நீக்கும்படி அதே உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. மிகச் சரியான உத்தரவு. அதற்குப் பிறகு அனில் கபூர், ஜாக்கி ஷ்ராஃப், ஐஸ்வர்யா ராய், நாகார்ஜுனா என்று வரிசையாக நட்சத்திரங்கள் தங்கள் முகத்தையும் குரலையும் காத்துக்கொள்ள அந்த நீதிமன்றத்துக்கு வந்தார்கள். இடைக்கால உத்தரவு கையோடு கிடைத்தது. ஷேர் ஷா ரோட்டில் அந்தக் கட்டடத்தைத் தாண்டித்தான் நம்மில் பலர் தினமும் அலுவலகம் போகிறோம். மெட்ரோவில் சரிந்து விழுந்த காவலருக்கு அந்த வேகம் வாய்க்கவில்லை. அவர் காணொளியில் நிர்வாணம் இல்லாததால் இன்றைய 2 மணி நேர விதியும் அவருக்கு உதவாது. சாதாரணப் புகார்களின் வரிசையில்தான் நிற்க வேண்டும். யூடியூபின் அந்தரங்க மீறல் புகாரிலோ, ஏற்றியவருக்கே முதலில் 48 மணி நேர அவகாசம் கொடுப்பது உண்டு. ஒரு மனிதரை ஊர் சிரிக்கவைக்க அத்தனை நேரம் எதற்கு?

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். 'எடு' என்று சொல்லும் அதிகாரம் பெரியவர்கள் கையில் வேறு வேலையும் செய்யும். பாபா ராம்தேவ் பற்றிய புத்தகத்தில் இருந்த செய்திகளைச் சொன்ன காணொளிகளை உலகம் முழுக்க நீக்கும்படி 2019 அக்டோபரில் இதே நீதிமன்றம் உத்தரவிட்டது. விமரிசனமும் அவமானமும் ஒன்றல்ல. அரசும் சாமியார்களும் இரண்டையும் ஒன்றாக்கப் பார்ப்பார்கள். ஆகவே கேட்ட உடனே எல்லாவற்றையும் எடுத்துவிட வேண்டும் என்று வாதாட வரவில்லை. யாருக்காகக் கேட்கிறோம் என்பதில்தான் விஷயம். தனக்காகக் கேட்க ஆளும் பணமும் உள்ளவர்கள் கேட்டுக்கொள்வார்கள்.

நம் ஊர்க் கதைக்கு வருவோம். சென்னையில் ஒரு பெண் வழக்கறிஞரின் அந்தரங்கப் படங்களை அவருடைய பழைய துணை பரப்பிவிட்டான். 2025 ஜூலையில் நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ், 48 மணி நேரத்துக்குள் அவற்றை அகற்றும்படி தில்லியிலிருக்கும் மின்னணு அமைச்சகத்துக்கு உத்தரவிட்டார். சட்டம் படித்தவர், நீதிமன்றத்திலேயே புழங்குகிறவர், அவருக்கே உயர் நீதிமன்றத்தின் கதவைத் தட்டாமல் முடியவில்லை. அந்த வழக்கில் வெளிவந்த இன்னொன்று தூக்கத்தைக் கெடுப்பது: ஏழு ஆண் காவலர்கள் இருக்கும்போது அந்தக் காணொளியை அவரையே பார்க்கவைத்து அடையாளம் கேட்டார்களாம். முதல் தகவல் அறிக்கையில் அவர் பெயரையும் போட்டுவிட்டார்கள். நீதிபதி கண்டித்தார். அந்த வழக்கின் விளைவாகத்தான் 2025 நவம்பரில், பாதிக்கப்பட்டவர் எங்கெங்கே போகலாம் என்ற வழிமுறையை அமைச்சகம் வெளியிட்டது: தளத்தின் குறைதீர் அலுவலர், சைபர் புகார் தளம், காவல் நிலையம், பெண்களுக்கான ஒன்ஸ்டாப் சென்டர். 'நம்ம சென்னை ஜட்ஜ்' என்று அந்தச் செய்தியையும் பெருமையாகப் பகிர்ந்துகொண்டோம். வழிமுறையை எத்தனை பேர் திறந்து படித்தோம்?

நுட்பமும் முன்னேறித்தான் இருக்கிறது. 2021 டிசம்பரில் பிரிட்டனிலிருந்து தொடங்கிய ஸ்டாப்என்சிஐஐ என்ற சேவையில், படத்தை யாருக்கும் அனுப்ப வேண்டியதில்லை. அந்தப் படத்திலிருந்து ஓர் அடையாள எண் நம் கருவியிலேயே உருவாகி, அந்த எண் மட்டும் தளங்களுக்குப் போகும். ஃபேஸ்புக்கிலோ இன்ஸ்டாகிராமிலோ எவனாவது அதை ஏற்றப் பார்த்தால் அந்த எண் பிடித்துக்கொடுக்கும். பொதுவெளியில் இது பலன் தரும். நம் வாட்ஸ்அப் குரூப்புக்குள் இதன் பாச்சா பலிக்காது. அனுப்புபவரும் பெறுபவரும் தவிர வேறு யாரும் பார்க்க முடியாதபடி அந்த உரையாடல்கள் பூட்டப்பட்டிருக்கின்றன. பூட்டு நல்லதுதான், ஆனால் உள்ளே நடப்பதை நீதிபதியும் பார்க்க முடியாது, அமைச்சகமும் பார்க்க முடியாது. பார்க்கிற ஒரே ஆள், குரூப்பில் உட்கார்ந்திருக்கும் நாம். இருநூறு பேர் இருக்கிற குரூப்பில் அப்படியொரு காணொளி விழுந்தால், புகார் செய்யக்கூடிய இருநூறு பேர் உலகத்திலேயே நாம்தான். குரூப் அட்மின் குற்றவாளி ஆகமாட்டார் என்று 2022இல் கேரள உயர் நீதிமன்றம் சொன்ன செய்தி மட்டும் அன்றைக்கே எல்லா அட்மின்களுக்கும் வந்து சேர்ந்தது.

காணொளி நமக்கு வந்துசேருவதோடு நிற்கவில்லை, தயாரிக்கவும் தொடங்கிவிட்டோம். குடியிருப்போர் சங்கக் குரூப்களைப் பாருங்கள். கேட் கேமராவில் பதிவானது என்று, வீட்டு வேலைக்கு வரும் பெண் பை எடுத்துப் போவது, டெலிவரிப் பையன் லிஃப்டில் தலை சீவுவது, மூன்றாவது மாடிப் பெண்ணை யாரோ பைக்கில் கொண்டுவந்து விடுவது எல்லாம் வருகின்றன. 'பாதுகாப்புக்காக' என்று ஒரு வரி. அவர்களிடம் யார் கேட்டோம்? 2023 அக்டோபரில் தில்லி ஐஐடி விழாவின் ஃபேஷன் ஷோவுக்கு வந்த கல்லூரி மாணவிகள் உடை மாற்றும்போது ஒரு துப்புரவுத் தொழிலாளி படமெடுத்தார் என்று கைதானபோதும், 2024 செப்டம்பரில் ஷகர்பூரில் போட்டித் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்த பெண்ணின் அறை விளக்குக்குள் வீட்டுக்காரர் மகன் கேமரா வைத்திருந்தது வெளியானபோதும் கொதித்தோம். ராஜேந்திர நகரிலும் முகர்ஜி நகரிலும் ஐ.ஏ.எஸ். கனவோடு தங்கியிருக்கும் நம் ஊர்ப் பெண்களுக்கு அன்றைக்கு வீட்டிலிருந்து வந்த போனெல்லாம் 'பார்த்து இரு' என்றுதான் வந்தது. 'ஏதாவது ஆச்சுன்னா எனக்குச் சொல்லு, நான் எழுதித் தரேன்' என்று சொன்ன குரல் குறைவு. குளிக்கும்போது விளக்கைக் கழற்றிப் பார்க்க வேண்டிய பொறுப்பையும் அவள் தலையிலேயே கட்டினோம்.

இப்போது ஒரு வேண்டுகோள். தில்லியில் நமக்குச் சங்கங்களுக்குக் குறைவில்லை: கோயில் கமிட்டி, பழைய மாணவர் மன்றம், நவராத்திரிக் குழு, மயூர் விஹாரில் ஒன்று, துவாரகாவில் ஒன்று. ஒவ்வொன்றிலும் ஓய்வுபெற்ற இரண்டு பேர், அவர்களில் ஒருவராவது பெண்ணாக இருக்கட்டும், இந்த வேலையை எடுத்துக்கொள்ளுங்கள். காணொளியைப் பார்க்கவே வேண்டாம். எந்தத் தளம், எந்த முகவரி, எந்தத் தேதி என்ற மூன்றையும் குறித்துக்கொண்டு, பாதிக்கப்பட்டவரின் சம்மதத்தோடு, அவர் பெயரை வெளியே விடாமல், தளத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுதுங்கள். பதில் வராவிட்டால் மேல்முறையீட்டுக் குழுவுக்கு எழுதுங்கள், 30 நாள் கெடுவுக்குள். பணம் பறிப்பு மிரட்டலும் சேர்ந்து வந்தால் 1930ஐக் கூப்பிடுங்கள். காவல் நிலையத்துக்குப் போக வேண்டியிருந்தால் கூடப் போய் உட்காருங்கள். ஏழு ஆண்களுக்கு நடுவே அவள் தனியாக உட்கார வேண்டாம். அடுத்த முறை குரூப்பில் அப்படி ஒன்று விழுந்தால், அட்மினாக இருப்பவர் உடனே நீக்கட்டும், போட்டவரை வெளியேற்றட்டும். எழுதத் தெரியவில்லை என்று நம்மில் யாரும் சொல்ல முடியாது.